கூப்பிட்டபோது இல்லை

நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. பாவாயி அதை மெல்லப் பிரித்தெடுத்து, இருக்கிற கொஞ்ச எச்சிலைக் கூட்டி விழுங்கிப் பார்த்தாள், அது தொண்டையோடு நின்றுவிட்டது. விடிந்ததிலிருந்து ஒரு வாய் தண்ணீர் குடிக்கவில்லை. குடித்தால் எழுந்து போக வேண்டி வரும், அந்த நேரம் பார்த்துக் கூப்பிட்டுவிடுவார்கள், கூப்பிட்டபோது ஆள் இல்லை என்றால், ஆத்தா, அதை நினைக்கவே கூடாது. ஒருதரம் போனது போதாதா. ஜில்லா கோர்ட்டு வராந்தாவில் மரபெஞ்சின் ஓரத்தில், சேலைத் தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டு, கதவருகே நின்று பெயர் கூப்பிடுகிற டவாலியின் வாயையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். வெள்ளை உடுப்பு, குறுக்கே சிவப்புப் பட்டை. அந்த ஆள் கொட்டாவி விட்டாலும் அவளுக்குத் திக்கென்றது. லோகு அவளுக்கு வலது பக்கம் உட்கார்ந்திருந்தான். எப்போதும் அப்படித்தான் உட்காருவான், நல்ல காது இருக்கிற பக்கமாக அம்மாவை வைத்துக்கொண்டு. மறுபக்கத்துக் காது போனதிலிருந்து அவன் தலை கொஞ்சம் சாய்ந்தே இருக்கிறது, யாரோ எதையோ சொல்லிக்கொண்டே இருப்பது போலவும் இவன் கேட்டுக்கொண்டே இருப்பது போலவும். வலது கை மணிக்கட்டு மடங்காது. டிபன்பாக்ஸ் மூடியைத் திறக்க இடது கையும் பல்லும் வேண்டும். இருபத்தாறு வயசுப் பையன். ‘தண்ணி குடிங்கம்மா’ என்றான் மறுபடியும். வேண்டாங்கண்ணு என்று தலையை ஆட்டினாள். பேசினால் இருக்கிற ஈரமும் போய்விடும். அதுவுமில்லாமல் ஒரே ஒரு வார்த்தைக்காக அவள் வாயைச் சேர்த்து வைத்திருந்தாள். ஆமாங்க. அவ்வளவுதான். ஜட்ஜம்மா கேட்டால் ஆமாங்க என்று சொல்ல வேண்டும். பிறந்ததிலிருந்து எத்தனை பேருக்கு எத்தனை ஆமாங்க சொல்லியிருக்கிறாள், மாமியாருக்கு, ரேஷன் கடைக்காரனுக்கு, காய் விற்கிறவனுக்கு, காலையில் பஸ் கண்டக்டருக்குக்கூட. அத்தனையும் வாய்க்கு வந்த வார்த்தைதானே, இதுமட்டும் ஏன் பல்லுக்கு நடுவில் கல்லாட்டம் கிடக்கிறது.

வக்கீல் குழந்தைவேலு இன்றைக்குக் காலையில்தான், கோர்ட்டு வாசல் டீக்கடைப் பக்கமாக அவளைத் தள்ளிக் கூட்டிப்போய்ச் சொன்னார். ‘பாருங்கம்மா, காப்புக் கட்டியிருந்தேன், எல்லை தாண்டக்கூடாதுன்னெல்லாம் எழுதினா மேல்கோர்ட்டுல சிரிப்பாங்க. உங்களுக்கு அம்மை போட்டிருந்துச்சு, படுத்த படுக்கையா இருந்தீங்க, அதனால வரமுடியலை. அப்படித்தான் மனுவுல எழுதியிருக்கேன். அம்மைன்னா எந்த ஜட்ஜும் இரக்கப்படுவாங்க. கேட்டா ஆமாங்கன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க, போதும்.’ அவள் லோகுவைத் திரும்பிப் பார்த்தாள். அவன் டீ கிளாசுக்குள்ளே பார்த்துக்கொண்டிருந்தான். அவனுக்குத் தெரிந்திருக்கிறது. மனுப் போட்ட அன்றைக்கு, இங்கிலீஷில் தட்டச்சு அடித்த தாளில் பெருக்கல் குறி போட்ட இடத்தில் கையெழுத்துப் போடுங்க என்றார்கள், பா, வா, யி என்று எழுத்துக் கூட்டிப் போட்டுக் கொடுத்தாள், அஞ்சாவது வரை படித்த கை. அந்தத் தாளுக்குள்ளே அம்மை இருந்திருக்கிறது. ஆத்தாளே, உன்னை நான் என் மேலே வரவழைத்துக் கையெழுத்துப் போட்டிருக்கிறேன், வராதவளை வந்ததாக. வசந்தாமணிக்கு நிஜமாகவே போட்டிருந்தபோது அவள் எப்படி இருந்தாள். மகளுக்கு அப்போது நாலு வயசு, உடம்பெல்லாம் முத்து முத்தாக, வாசலில் வேப்பிலை செருகி, வீட்டில் தாளிப்பு வாசனை இல்லாமல், யாரும் சீக்கு என்று ஒரு சொல் சொல்லாமல், ஆத்தா வந்திருக்கிறாள் ஆத்தா இறங்கட்டும் என்று மெதுவாகத்தான் பேசினார்கள். வேப்பங்கொழுந்தை நீவி நீவிவிட்டபடி பாவாயி பாயோரத்திலேயே கிடந்தாள். ஆத்தா இறங்கி, மகள் தலைக்கு மூன்றாம் தண்ணி ஊற்றினபோதுதான் இவளுக்கு மூச்சு வந்தது. போகும்போது ஆத்தா மகளின் நெற்றியில் ஒரு சின்னக் குழி வைத்துவிட்டுப் போனாள், அடையாளத்துக்கு. அப்பேர்ப்பட்டவளை ஒரு லீவு லெட்டருக்கு இழுப்பதா. இப்போது வசந்தாமணிக்கு ஒரு குட்டி இருக்கிறது, தேனு, இன்னும் பல்லுக்கூட முழுசாக முளைக்கவில்லை. இவள் இங்கே ஆமாங்க என்று சொன்ன நேரத்துக்கு அங்கே அந்தப் பிஞ்சு உடம்பு கொதிக்க ஆரம்பித்தால். சீ, அப்படியெல்லாம் நினைக்காதே. நினைத்தால் நடந்துவிடும். நினைக்காதே என்று நினைத்தாலும் அது நினைத்ததுதானே. மகமாயி, குழந்தையை ஒன்றும் பண்ணாதே, கேட்பதை என்கிட்டே கேள்.

உள்ளே ஏதோ பெயரைக் கூப்பிட்டார்கள். அவள் பாதி எழுந்துவிட்டாள். ‘நம்மளது இல்லம்மா’ என்று லோகு முந்தானையைப் பிடித்து உட்கார வைத்தான். அவனுக்கும் பயம்தான், அவன் பயம் வேறே. அன்றைக்கு அவன்தான் கோர்ட்டுக்குப் போயிருந்தான். போன பங்குனியில். கிழவர் ஒருத்தர் தவறிப்போய் ஊருக்குத் தீட்டு என்று திருவிழாவைத் தொடங்கிவைக்கிற பூச்சாட்டு ஒரு வாரம் தள்ளிப்போயிற்று, அதோடு தள்ளிப்போன காப்பு வாரம் நேராக வாய்தா தேதியில் போய் விழுந்தது. அவள் சாட்சி சொல்ல வேண்டிய வாய்தா. அதற்குள் இவள் கையில் மஞ்சள் கயிறு ஏறியாகிவிட்டது. கம்பம் நட்டுக் காப்புக் கட்டினால் எல்லைக் கல்லைத் தாண்டக்கூடாது, பூசாரி விபூதியைக் கையில் வைத்துக்கொண்டு ஒவ்வொருத்தர் முகத்தையும் பார்த்துச் சொல்லித்தான் கட்டினார். அப்படியும் அவள் அன்றைக்கு விடிகாலையில் குளித்துக் கிளம்பி எல்லைக் கல் வரைக்கும் போனாள். கல்லுக்கு அந்தப் பக்கம்தான் பஸ் நிற்கும். பஸ் வந்தது. லோகு ஏறிவிட்டுத் திரும்பிப் பார்த்தான். கண்டக்டர், ‘ஏறுங்க அம்மிணி, ரோட்டுல நின்னு சாமி கும்பிட்டது போதும்’ என்றான். கல்லின் மேல் முந்தின நாள் அறுத்துப்போட்ட எலுமிச்சம்பழம், குங்குமம் தடவி, வாயைத் திறந்துகொண்டு கிடந்தது. அவள் காலைத் தூக்கினாள். தூக்கினது தெரியும். வைக்க முடியவில்லை. ‘நீ போய்ச் சொல்லு கண்ணு, காப்புக் கட்டியிருக்கிறாங்கன்னு சொல்லு, அடுத்த வாரம் வந்துருவாங்கன்னு சொல்லு’ என்றாள். சொன்னால் நிறுத்திவைப்பார்கள் என்றுதான் நினைத்தாள். அவளுக்குத் தெரிந்த உலகத்தில் காப்புக் கட்டினவளை யாரும் எதற்கும் கூப்பிடமாட்டார்கள். கல்யாணம் தள்ளிப்போகும், தறி நின்றுபோகும், பள்ளிக்கூட வாத்தியார்கூட அந்த வாரம் பிள்ளைகளைத் தேடமாட்டார். கோர்ட்டு மட்டும் கூப்பிடும் என்று யார் கண்டது. கூப்பிட்டிருக்கிறார்கள். வக்கீல் இன்னொரு கோர்ட்டில் நின்றுகொண்டிருந்திருக்கிறார். லோகு வராந்தாவில் சுவரோரம், செத்த காதைக் கதவுப் பக்கமாக வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். பாவாயி, பாவாயி, பாவாயி என்று மூன்று தரம் கூப்பிட்டது அந்தக் காதில் போய் விழுந்து அங்கேயே கிடந்துவிட்டது. அவன் எழுந்து உள்ளே போனபோது வேறு கேஸ் நடந்துகொண்டிருந்தது. பிராதுதாரர் அழைத்தபோது ஆஜரில்லை, எதிரி விடுவிக்கப்படுகிறார், அவ்வளவுதான் எழுதியிருந்தது என்று வக்கீல் பிறகு படித்துக் காட்டினார். அதை எதிர்த்துத்தான் இந்த மேல்கோர்ட்டு மனு. அடித்து அடித்துச் செவிடாக்கின அதே காதால் அடித்தவன் தப்பித்துப் போய்விட்டான். அன்றைக்கு ராத்திரி லோகு சாப்பிடவில்லை. சுவரைப் பார்த்துப் படுத்தவன் இத்தனை மாதமாகியும் திரும்பிப் படுக்கவில்லை. அதனால்தான் டீ கிளாசுக்குள்ளே பார்த்தான். அதனால்தான் இவளுக்கு அவனைத் திட்ட வாய் வரவில்லை.

அடித்தவன் இருக்கிறான், எதிர் பெஞ்சில். தறிப்பட்டறை அர்த்தநாரி. அவள் பார்க்காமலேயே பார்த்துக்கொண்டிருந்தாள், வெள்ளை வெளேரென்று முழுக்கைச் சட்டை, மேலே செண்டு வாசனை, மடியில் போன். கொஞ்சம் முன்னே லோகு வக்கீலைத் தேடிப் போன சமயம் பார்த்துக் கிட்டே வந்து, ‘ஏனுங்க பாவாயக்கா, வெயில்ல வந்துட்டீங்களாட்ட இருக்குது’ என்றான். ஒரே ஊர், ஒரே தெரு முக்கு, முறைக்கு அக்கா. அவள் தலையைக் குனிந்துகொண்டாள். ‘உங்களுக்கு அம்மை போட்டிருந்துச்சாமா? மனுவுல பாத்தேன். எங்ககிட்டச் சொல்லவே இல்லையே, சொல்லியிருந்தா ஒரு கட்டு வேப்பந்தழை கொண்டாந்து போட்டிருப்பமே.’ சிரித்தான். பிறகு போனை அவள் முகத்துக்கு நேரே நீட்டினான். திருவிழா வீடியோ. பறைச் சத்தம் சின்னதாகக் கிணற்றுக்குள்ளிருந்து கேட்பது போலக் கேட்டது. மஞ்சள் சேலையில், தலை விரித்துப் போட்டு, கையில் தீச்சட்டியோடு அவளே வந்தாள். நெருப்பு முகத்தில் அடிக்கிறது, கண் சொருகியிருக்கிறது, அவளுக்கே அவளைப் பார்க்கப் பயமாக இருந்தது. ‘படுத்த படுக்கையா இருந்த பொம்பளை நல்லாத்தான் ஆடியிருக்கீங்க. எங்க வக்கீல் கையிலயும் இது இருக்குது’ என்று சொல்லிவிட்டுப் போய் உட்கார்ந்துகொண்டான். லோகு திரும்பி வந்தபோது அவள் அதைச் சொல்லவில்லை. சொல்லியிருக்க வேண்டுமா. வக்கீல்கிட்டேயாவது. வக்கீல் இன்னொரு பொய்யைக் கொடுப்பார், அந்தப் பொய்க்கும் ஒரு ஆமாங்க வேண்டும். ஆமாங்க என்றால் பொய்க்காரி. இல்லீங்க என்றால் மனு பொய், அப்போதும் பொய்க்காரி. எந்தப் பக்கம் காலை வைத்தாலும் கல். மறுபடியும் எல்லைக் கல் முன்னாலேயே கொண்டுவந்து நிறுத்திவிட்டாயே ஆத்தா, உனக்கு வேறே விளையாட்டுத் தெரியாதா.

அவனும் காப்புக் கட்டியிருந்தான். அந்த இடத்தில்தான் நினைப்பு ஒவ்வொரு தரமும் சுற்றிச் சுற்றி வந்து மாட்டிக்கொண்டது, தறியில் நூல் மாட்டுகிற மாதிரி, இழுத்தால் அறும், விட்டால் சிக்கும். அவள் வரிசையில் அவளுக்கு நாலு ஆள் முன்னால் நின்று கட்டிக்கொண்டான், பூசாரி அவனுக்குத்தான் முதல் மரியாதை கொடுத்தார். அப்படிக் கட்டின கையோடு காரில் ஏறி எல்லையைத் தாண்டிப் போய், சட்டைக் கையை இழுத்துவிட்டுக்கொண்டு, கூப்பிட்டதும் இருக்கிறேனுங்க என்று சொல்லி, பொழுது சாயுமுன்னே வீட்டுக்கு வந்து தலைக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டான். அவனுக்கு ஒன்றும் ஆகவில்லை. கார் கவிழவில்லை, காய்ச்சல்கூட வரவில்லை. தாண்டினவன் ஜெயித்தான், தாண்டாமல் நின்றவள் தோற்றாள். அதை ஆத்தாகிட்டே எத்தனையோ தரம் கேட்டுவிட்டாள், சண்டை போடுவது மாதிரி இல்லை, விளக்குப் பொருத்தும்போது மெல்ல, பக்கத்துவீட்டுக்காரியிடம் பாத்திரம் திருப்பிக் கேட்கிற மாதிரி. பதில் இல்லை. சாயத் தண்ணீரை ஓடையில் விடாதீங்க, கிணறெல்லாம் சிவப்பாகிப் போச்சு என்று லோகு தாலுகா ஆபீசில் மனுக் கொடுத்தது ஒரு குற்றமா. அந்த வாரமே கோயில் மைதானத்தில், விளக்கு வைக்கிற நேரம், அர்த்தநாரியும் அவன் ஆட்கள் ரெண்டு பேரும். தறிக்கட்டையால். மைதானத்தில் கூட்டம் இருந்தது. கட்டை விழ விழ ஒவ்வொருத்தராக வேறு பக்கம் பார்த்தார்கள். விழுந்து எழுந்து ஓடி வந்தது இவள் ஒருத்திதான். போலீசில் கேட்டதற்குத் தானாகத் தடுக்கி விழுந்தான் என்று எழுதி மூடிவிட்டார்கள், ஊரில் ஒருத்தரும் அப்படியில்லை என்று சொல்லவில்லை. அதற்காகத்தானே அவளே கோர்ட்டில் பிராது போட்டது. சாட்சி என்று அவளைத் தவிர யாரும் இல்லை. அதற்காகத்தானே மூன்று வருஷம் காப்புக் கட்டித் தீச்சட்டி எடுக்கிறேன், என் பேச்சை நாலு பேர் முன்னால் எடுபட வை என்று வேண்டிக்கொண்டது.

‘பாவாயி!’

இந்தத் தரம் லோகு முந்தானையைப் பிடிக்கவில்லை. டவாலி இரண்டாம் தரம் கூப்பிட வாயைத் திறக்குமுன் அவள் கதவைத் தாண்டிவிட்டாள், ‘இருக்கிறேனுங்க, இருக்கிறேனுங்க’ என்று சொல்லிக்கொண்டே. உள்ளே யாரோ சிரித்தார்கள். ஃபேன் காற்று, பழைய தாள் வாசனை, உயரத்தில் கண்ணாடி போட்ட ஜட்ஜம்மா. வசந்தாமணியைவிடக் கொஞ்சம் மூத்தவளாக இருப்பாள், முகத்தில் தூக்கக் களைப்பு. வக்கீல் குழந்தைவேலு எழுந்து இங்கிலீஷில் ஏதோ பேசினார். ஜட்ஜம்மா தாளைப் புரட்டினாள். பிறகு, யாரும் எதிர்பார்க்காத மாதிரி, கண்ணாடியைக் கழற்றிவிட்டு அவளை நேராகப் பார்த்து, ‘ஏம்மா, அம்மை போட்டிருந்துச்சா? இப்ப உடம்பு தேவலையா?’ என்றாள். அதட்டிக் கேட்டிருந்தால் ஒருவேளை சொல்லியிருப்பாள். அவ்வளவு பரிவாகக் கேட்டதுதான் தாங்கவில்லை. ஆமாங்க என்ற சொல் நாக்கின் நுனி வரைக்கும் வந்தது. பக்கவாட்டில் எதிர்க்கட்சி வக்கீல் போனைக் கையில் எடுத்துக்கொண்டு எழுவது தெரிந்தது, லோகு தலையைச் சாய்த்துக் காதைக் கொடுத்துக்கொண்டிருப்பது தெரிந்தது, தேனுவின் நெற்றி தெரிந்தது. தூக்கின காலை எங்கேயாவது வைத்தாக வேண்டும். ‘இல்லீங்கம்மா’ என்றாள். ‘அம்மை போடலீங்க. காப்புக் கட்டியிருந்தேனுங்க. கட்டினா எல்லை தாண்டமாட்டமுங்க. அந்தத் தாள்ல என்ன எழுதியிருக்குதுன்னு இன்னைக்குக் காலையிலதானுங்க எனக்குத் தெரியும்.’ குழந்தைவேலு அப்படியே உட்கார்ந்தார். லோகு ‘அம்மா’ என்றான், அழுவது போல.

அதற்கப்புறம் எல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாக விழுந்தது. எதிர்க்கட்சி வக்கீல் கையை விரித்து, பொய்யான பிரமாணப் பத்திரம், இதற்கே மனுவைத் தள்ள வேண்டும் என்றார். வீடியோ ஜட்ஜம்மா கைக்குப் போயிற்று. அந்தப் பறைச் சத்தம் இந்த மண்டபத்தில் கேட்டபோது பாவாயிக்கு உள்ளங்கை சுட்டது. ஜட்ஜம்மா வெகுநேரம் பார்த்தாள். ‘முன்னாடி வேட்டியில வர்றது யாரு?’ என்றாள். அர்த்தநாரி எழுந்து, ‘நான்தானுங்க’ என்றான். ‘உங்க கையிலயும் அதே கயிறு இருக்கு.’ ‘ஆமாங்க.’ அந்த வார்த்தை அவன் வாயிலிருந்து வந்ததைப் பாவாயி கேட்டாள், எவ்வளவு சுளுவாக வருகிறது. எதிர்க்கட்சி வக்கீல் விடவில்லை, ‘அதைத்தான் சொல்றோம், காப்புக் கட்டின என் கட்சிக்காரர் கோர்ட்டை மதிச்சு வந்தாரே, இந்தம்மா ஏன் வரலை?’ என்றார். ஜட்ஜம்மா திரும்பினாள். ‘சொல்லுங்கம்மா. அவர் வந்தாரே. நீங்க ஏன் வரலை?’ அதுதான். அவள் ஆத்தாகிட்டே கேட்ட அதே கேள்வி, சுற்றிக்கொண்டு வந்து இப்போது அவளிடமே. அவளுக்கு வாய் வறண்டு கிடந்தது. யோசிக்கவும் இல்லை. ‘அவரு ஆத்தாகிட்ட என்ன வேண்டிக்கிட்டுக் கட்டினாருன்னு எனக்குத் தெரியாதுங்க. நான் வேண்டினது இந்தக் கேஸைத்தானுங்க. என் பேச்சு எடுபடணும்னு கும்பிட்டுக் கட்டின கயித்தோட, அவ சொன்ன பேச்சை மீறிட்டு வந்து நான் இங்க நின்னா, என் பேச்சை யாருங்க நம்புவாங்க?’ ஜட்ஜம்மா பேனாவைக் கையில் எடுத்தாள், எழுதவில்லை. குழந்தைவேலுவைப் பார்த்து, ‘இதை நீங்க எழுதியிருக்கலாமே வக்கீல் சார். ஒரு தாளை மாஜிஸ்திரேட் கோர்ட்டுல கொடுத்திருந்தா அன்னைக்கே முடிஞ்சிருக்கும். பொய்யைப் பத்தி உங்ககிட்ட அப்புறம் பேசிக்கிறேன்’ என்றாள். பிறகு தலையைக் குனிந்து இங்கிலீஷில் சொல்லச் சொல்லப் பக்கத்தில் ஒருத்தர் தட்டிக்கொண்டே போனார். பாவாயிக்கு ஒன்றும் விளங்கவில்லை. எதிர் பெஞ்சில் அர்த்தநாரி முகத்தைத் துடைத்ததும், லோகு அவள் முழங்கையைப் பிடித்ததும்தான் விளங்கியது. மடங்காத கையால் பிடித்தான். ‘கேஸ் மறுபடி நடக்கும்மா. எடுத்துக்கிட்டாங்கம்மா.’

‘அடுத்த மாசம் இருபத்தாறாம் தேதி, புதன்கிழமை, மாஜிஸ்திரேட் கோர்ட்டுல போய் நீங்க சாட்சி சொல்லணும்’ என்றாள் ஜட்ஜம்மா. ‘மறுபடி வரலைன்னா யாராலயும் ஒண்ணும் செய்ய முடியாது. தெரியுதா?’ பாவாயியின் விரல் தன்னால் எண்ணத் தொடங்கியது. அடுத்த மாசம் பங்குனி பிறக்கிறது. செவ்வாய் பூச்சாட்டு. அடுத்த செவ்வாய் கம்பம், காப்பு. மறுநாள் புதன். வேண்டிக்கொண்ட மூன்று வருஷத்தில் இது இரண்டாவது. விரல் அங்கேயே நின்றது. குழந்தைவேலுவுக்கும் உள்ளூர்த் திருவிழாக் கணக்குத் தெரியும் போல, கிட்டே குனிந்து, ‘தேதி மாத்திக் கேட்கட்டுமா?’ என்று கிசுகிசுத்தார், குரலில் பழைய அதிகாரம் இல்லை. மாற்றிக் கேட்டால் மாற்றுவார்கள். இந்தக் களைத்த முகத்துக்காரி மாற்றுவாள். மாற்றினால் அர்த்தநாரி இன்னொன்று கேட்பான், அப்புறம் இன்னொன்று, லோகு சுவரைப் பார்த்தபடியே கிழவனாவான். பாவாயி மைதானத்தை நினைத்தாள். கட்டை விழுந்த நேரம் கோயில் நடை திறந்திருந்தது. உள்ளே விளக்கு எரிந்துகொண்டிருந்தது. ஊரே முகத்தைத் திருப்பிக்கொண்டபோது நேரே மைதானத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது நீ ஒருத்திதான். நீயும்தானே பார்த்தாய். என் பிள்ளை மண்ணில் கிடந்து அம்மா என்றபோது அது எனக்கு மட்டுமா கேட்டது. எல்லைக்குள்ளேயே இருந்துகொண்டு எனக்குப் பதில் சொல்லாதவளே, போன தரம் உன்னை மீறக்கூடாதென்று நான் கல்லுக்கு இந்தப் பக்கம் நின்றேன். இந்தத் தரம் நின்றுகொண்டிருக்க மாட்டேன். கயிறு கையில் இருக்கும், அவிழ்க்க மாட்டேன், சட்டைக் கையை இழுத்து மறைக்கவும் மாட்டேன். தாண்டினது குற்றம் என்றால் என்கிட்டே கேள், குழந்தையிடம் போகாதே. உன்னை மீறிப் போகவில்லை, உன்னைக் கூட்டிக்கொண்டு போகிறேன். ஊரில் சொல்லாதவர்கள் சொல்லாமலேயே இருக்கட்டும். கூப்பிடும்போது ரெண்டு பேரும் இருப்போம். ‘வேண்டாங்க, அன்னைக்கே வர்றேனுங்க’ என்று சொன்னாள், வக்கீலிடம் இல்லை, மேலே பார்த்து, எல்லாருக்கும் கேட்கிற மாதிரி. வராந்தாவுக்கு வந்ததும் லோகு பாட்டிலின் மூடியைப் பல்லால் கடித்துத் திருகி நீட்டினான். அவள் அண்ணாந்து, மார்பெல்லாம் நனைய, மூச்சு விடாமல் குடித்தாள்.